திண்ணன் இருக்கக் கான்சுடன் எதற்கு?

(கீழப்பாவூரில் நடைபெற்ற குழந்தைப் பெயர்சூட்டு விழாவில் தமிழாசிரியர் ஒருவர் ஆற்றிய பொழிவின் எழுத்து வடிவம்)

      

பெயர்சூட்டு விழாவில் வாழ்த்துரை சுருங்க இருத்தல் வேண்டும். தொட்டிலுக்குரியவர் அழத் தொடங்கிவிட்டால் அவர்க்குமுன் எந்தச் சொற்பொழிவாளனும் நிற்க முடியாது. ஆயினும் இன்று சற்று நீளப் பேச உங்கள் இசைவைக் கேட்கிறேன். ஏனெனில், இன்று நாம் சூட்டப்போகும் பெயருக்குப் பின்னே ஒரு வழக்கு நடந்தது. வழக்கின் இருபக்கத்தாரும் இம்மேடையிலேயே இருக்கிறார்கள். அவர்கள் இசைவோடுதான் அதை உங்கள்முன் வைக்கிறேன்.

குழந்தையின் தந்தை என் மாணவர். இப்பொழுது பெங்களூரில் கணினித் துறையில் பணியாற்றுகிறார். நாற்பது நாள்களுக்கு முன் கைப்பேசியில் அழைத்தார். "ஐயா, பையனுக்குப் பெயர் தேர்ந்துவிட்டோம். யாரும் வைக்காத பெயர். இலத்தீன் பெயர். கான்சுடன்" என்றார். "பொருள் என்ன தம்பி?" என்றேன். "உறுதியானவன் என்று பொருளாம் ஐயா" என்றார். "நல்ல பொருள். உன் அம்மா அதைச் சொல்லிப் பார்த்தார்களா?" என்றேன். மறுமுனையில் பேச்சில்லை.

அடுத்த கிழமை அவர்கள் வீட்டிற்குச் சென்றிருந்தேன். பாட்டியார் சொல்லிப் பார்த்தார்கள். முதல்முறை 'கஞ்சாட்டன்' என்று வந்தது. இரண்டாம் முறை 'காஞ்சட்டை' என்று வந்தது. வீடே சிரித்தது, பாட்டியாரும் சிரித்தார்கள். சிரிப்பு அடங்கிய பிறகு மகனைப் பார்த்து, "எய்யா, எனக்கு வாயில வரல. நீங்க வச்சதை வையுங்க. நான் ராசான்னே கூப்பிட்டுக்கிடுதேன்" என்றார்கள். அவர்கள் குறையாகச் சொல்லவில்லை, விட்டுக்கொடுத்துச் சொன்னார்கள். அதுதான் எனக்குத் தாங்கவில்லை.

பெயரன் என்னும் சொல்

தோழர்களே! நாம் நாள்தோறும் 'பேரன்', 'பேத்தி' என்கிறோம். அவை 'பெயரன்', 'பெயர்த்தி' என்னும் சொற்களின் மரூஉ. பாட்டன் பெயரைத் தாங்குபவன் பெயரன். பாட்டியின் பெயரைத் தாங்குபவள் பெயர்த்தி. உறவுமுறைச் சொல்லுக்குள்ளேயே பெயரைப் பொதிந்து வைத்த மொழி நம் மொழி. முன்னோன் பெயர் பின்னோன் வாயிலாக வாழும் என்பது தமிழன் கண்ட நெறி.

பாட்டன் பெயரையே எழுத்துக்கு எழுத்து வைத்தாக வேண்டும் என்று நான் வற்புறுத்த வரவில்லை. ஆனால் பாட்டியின் நாவுக்கு எட்டாத பெயரை வைத்துவிட்டுக் குழந்தையை அவர்களுக்குப் 'பெயரன்' என்று எப்படிச் சொல்வது? உறவு இருக்கும், உறவின் சொல் உள்ளீடற்றுப் போகும். இதுதான் வழக்கு. இலத்தீன்மீது நமக்குப் பகையன்று. ஒரு கிழவியாரின் நாவுக்குரிய உரிமையைப் பற்றியதே இவ்வழக்கு.

கான்சுடன் என்பதன் வேர்

வழக்கென்று வந்தால் எதிர்ப்பக்கத்துச் சான்றையும் நேர்மையோடு ஆராய வேண்டும். ஆகவே அப்பெயரின் வேரைப் பார்ப்போம்.

இலத்தீனில் 'சுதாரே' என்னும் வினைச்சொல்லுக்கு 'நிற்றல்' என்று பொருள். அதன் முன்னே 'கான்' என்னும் முன்னொட்டுச் சேர்ந்தால் 'ஒருங்கே நிற்றல், முழுமையாக நிற்றல், அசையாது நிற்றல்' என்று பொருள் விரியும். அவ்வாறு நிற்பவன் 'கான்சுதன்சு'. அச்சொல்லினின்று கிளைத்தவையே கான்சுதந்தியசு, கான்சுதந்தீனசு முதலிய உரோமப் பெயர்கள். 'கான்சுதந்தியா' என்னும் நிலைபேற்றுப் பண்பைப் பெண்ணுருவாக்கி உரோமர் நாணயங்களிலும் பொறித்தனர்.

நிற்றலினின்று உறுதிப் பொருள் பிறப்பது தமிழுக்கும் இயல்பே. 'நில்' என்னும் நம் வேரினின்று நிலை, நிலையம், நிலைபேறு, நிலைப்பு எனச் சொற்கள் கிளைக்கின்றன. உடனே எழுந்து, "பார்த்தீர்களா, இலத்தீன் சொல்லும் தமிழே!" என்று கைதட்டல் வாங்க எனக்கு விருப்பமில்லை. இரு மாந்தரினம் ஒரே உலகைக் கண்டு ஒரே முறையில் எண்ணியிருக்கலாம். சான்றின்றி உரிமை கொண்டாடுவது தமிழ்ப்பற்றாகாது. அது தமிழை நகைப்புக்கு உள்ளாக்கும். நமக்கு உள்ளதே போதிய அளவு உள்ளது. பிறர் வீட்டு நிலத்தில் கல் நட வேண்டியதில்லை.

ஆனால் ஒன்றை நோக்குங்கள். அதே 'சுதாரே' என்னும் வேரினின்று வந்ததே 'ஸ்டேசன்' என்னும் சொல். அச்சொல் இருப்புப்பாதையோடு நம் நாட்டிற்குள் வந்தது. பாவூர்சத்திரத்தில் வண்டி நிற்குமிடத்தை நம் முன்னோர் 'டேசன்' என்றனர். அறிஞர்கள் அதன் பொருளைக் கண்டு 'நிலையம்' என்றனர். இன்று பலகையில் 'நிலையம்' என்றே இருக்கிறது. ஒலி வெளியே நின்றது; பொருள் உள்ளே வந்தது. இந்த ஒரு நெறியை மனத்தில் இருத்திக்கொள்ளுங்கள்.

உரோமர் பெயரிட்ட முறை

இலத்தீன் பெயர் என்றவுடன் ஏதோ பொன்னால் இழைத்தது என்று நம் பிள்ளைகள் எண்ணுகின்றனர். உரோமர் எப்படிப் பெயரிட்டனர் என்று பார்ப்போம்.

அவர்களிடையே ஆண்களுக்குப் பரவலாக வழங்கிய முதற்பெயர்கள் இருபதுக்கும் குறைவு. அவற்றுள்ளும் குவிந்தசு என்றால் ஐந்தாமவன். செக்சுதசு என்றால் ஆறாமவன். தெக்கிமசு என்றால் பத்தாமவன். அவ்வளவே. பெண்களுக்குப் பெரும்பாலும் தனிப்பெயரே இல்லை. தந்தையின் குலப்பெயரே மகளின் பெயர். துல்லியசு குலத்துச் சிசெரோவின் மகள் துல்லியா. சூலியசு குலத்துச் சீசரின் மகளும் சூலியா. சீசரின் உடன்பிறந்த சகோதரியர் இருவரும் சூலியாக்களே! ஒரே வீட்டில் இரு மகளிர்க்கு ஒரே பெயர். மூத்தவள், இளையவள் என்று அடைகொடுத்துப் பிரித்தனர்.

அதே காலத்தை ஒட்டிய நம் கழக இலக்கியத்தைப் புரட்டுங்கள். ஔவை, வெள்ளிவீதி, நச்செள்ளை, ஒக்கூர் மாசாத்தி என்று பெண்பாற் புலவர்கள் தத்தம் பெயரோடு நிற்கின்றனர். பெண்ணுக்குத் தனிப்பெயர் தந்த மண் எது என்று நீங்களே எண்ணிப் பாருங்கள்.

இனி, உரோமரின் சிறப்புப்பெயர்கள் பல பட்டப்பெயர்களாகத் தோன்றியவை. உலகம் போற்றும் நாவலர் சிசெரோவின் பெயர் கொண்டைக்கடலையைக் குறிக்கும் சொல்லினின்று வந்தது. புரூட்டசு என்றால் மந்தன். நாசோ என்றால் மூக்கன். கிளாடியா என்னும் பெயரின் வேர் 'முடம்' என்னும் சொல். செசிலியா என்னும் இனிய ஒலிக்குள் இருப்பது 'குருடு' என்னும் சொல். நம் ஊரில் மூக்கன், மூக்கம்மாள் என்று பெயர் கேட்டால் நகரத்துப் பிள்ளை நகைக்கிறது. நாசோ என்றால் நூலட்டையில் போட்டுக்கொள்கிறது! மூக்கு ஒன்றுதானே ஐயா?

இதை இகழ்ச்சிக்காகச் சொல்லவில்லை. அவர்கள் தம் மொழியில், தமக்குப் புரிந்த சொற்களால் பெயரிட்டனர். அது அவர்கள் பெருமை. புரியாத ஒலியைத் தேடி அவர்கள் தமிழ்நாட்டிற்கு வரவில்லை. அவர்களைப் பின்பற்ற வேண்டுமென்றால் நாமும் நமக்குப் புரிந்த சொல்லால் பெயரிட வேண்டும்.

பெயர் மட்டுமே உறுதியைத் தந்துவிடாது என்பதற்கும் உரோம வரலாறே சான்று. கான்சுதந்தீனசு என்னும் பேரரசர் 330-ஆம் ஆண்டில் தம் பெயரால் கான்சுதாந்திநோபிள் என்னும் தலைநகரைத் தோற்றுவித்தார். தம் ஆண்மக்களுள் மூவர்க்கு இவ்வேரினின்றே பெயரிட்டார்: கான்சுதந்தீனசு, கான்சுதந்தியசு, கான்சுதன்சு. மூவரும் 'நிலைத்தவர்' என்னும் பெயரினர். தந்தை 337-இல் மறைந்தார். 340-இல் மூத்தவர் இளையவரின் நாட்டின்மீது படையெடுத்துச் சென்று மாண்டார். அந்த இளையவர், கான்சுதன்சு என்னும் பெயரையே தாங்கியவர், 350-இல் ஆட்சியைப் பறித்தவனின் ஆட்களால் கொல்லப்பட்டார். அந்த நகரின் பெயரும் நிலைக்கவில்லை. இன்று அது இசுதான்புல். பெயரில் நின்ற உறுதி உடன்பிறப்பில் நிற்கவில்லை.

கான்சுதந்தியசு தமிழ்நாட்டிற்கு வந்த கதை

இப்பொழுது உங்களுக்கு ஒரு வியப்பைச் சொல்லப் போகிறேன். "யாரும் வைக்காத பெயர்" என்று என் மாணவர் சொன்னாரே, அந்தப் பெயர் நம் சீமைக்கு முன்னூறு ஆண்டுகளுக்கு முன்பே வந்துவிட்டது!

1680-இல் இத்தாலி நாட்டில் பிறந்த ஒருவர்க்கு அங்குள்ளோர் இட்ட பெயர் கான்சுதந்தியசு யோசேப்பு பெசுகி. இயேசு சபைத் துறவியாகி 1711-ஐ ஒட்டித் தமிழ்நாட்டை அடைந்தார். அந்நாளில் நெல்லைச் சீமையைச் சேர்ந்ததும் இன்று தூத்துக்குடி மாவட்டத்தில் உள்ளதுமாகிய காமநாயக்கன்பட்டியில் தொண்டாற்றினார். தமிழைக் கற்றார்; கற்றதோடு நில்லாது 3615 பாக்களில் தேம்பாவணி பாடினார். தொன்னூல் விளக்கம் என்னும் இலக்கணம் இயற்றினார். 1732-இல் சதுரகராதி தொகுத்தார். எகர ஒகரங்களின் குறில் நெடில் வேறுபாட்டை எழுத்துவடிவில் தெளிவாக்கினார். திருக்குறளின் அறத்துப்பாலையும் பொருட்பாலையும் இலத்தீனில் பெயர்த்தார்.

ஆம், அவர்தாம் வீரமாமுனிவர். சென்னைக் கடற்கரையில் 1968-ஆம் ஆண்டு உலகத் தமிழ் மாநாட்டையொட்டி நிறுவிய சிலைகளுள் அவர் சிலையும் ஒன்று.

அவர் தம் பெயரை என்ன செய்தார் என்பதே நமக்குரிய பாடம். 'கான்சுதந்தியசு என்றே அழையுங்கள், வாயில் வராவிட்டால் பழகிக்கொள்ளுங்கள்' என்று அவர் ஊராரிடம் சொல்லவில்லை. தம் பெயரின் பொருளை எடுத்தார். தைரியநாதர் என்று பெயர் பூண்டார். தைரியம் வடசொல், வடமொழியில் அதற்கு அசையாமை, நிலைகுலையாமை என்னும் பொருளுண்டு. ஆகவே இலத்தீனுக்கு அது நேர்பெயர்ப்பே. ஆனால் தமிழ்மக்கள் வாயில் அச்சொல் துணிவு என்னும் பொருளிலேயே வழங்கியது. பின்னர்த் தமிழுலகம் அவரை வீரமாமுனிவர் என்று போற்றியது. அப்பெயரே நிலைத்தது.

கேளுங்கள் தோழர்களே! இத்தாலியிலிருந்து வந்தவர் கான்சுதந்தியசு என்னும் பெயரைத் தமிழ்நாட்டு எல்லையில் கழற்றி வைத்தார். கீழப்பாவூரில் பிறந்தவர் அதைத் தேடி எடுத்துத் தம் மகன் தலையில் வைக்கப் பார்க்கிறார்! வந்தவர்க்குத் தெரிந்த மானம் இருந்தவர்க்குத் தெரியவேண்டாமா?

சின்னப்பரும் தேவசகாயமும்

இது வீரமாமுனிவர் ஒருவரின் செயல் மட்டுமன்று. பவுலுசு என்பது இலத்தீன் பெயர். 'சிறியவன்' என்பது அதன் பொருள். தமிழ்க் கத்தோலிக்கர் அவரைச் சின்னப்பர் என்றனர். எவ்வளவு அழகிய தூய தமிழ்! நம் சீமையில் எத்தனை சின்னப்பன்கள் இருக்கிறார்கள்! அப்பெயரைக் கேட்டு, இது உரோமிலிருந்து வந்த பெயர் என்று எவரேனும் நினைப்பரோ?

நட்டாலத்து நீலகண்டர் 1745-இல் வடக்கன்குளத்தில் திருமுழுக்குப் பெற்றார். இலாசரசு என்னும் பெயர் அவர்க்குத் தேவசகாயம் என்று தமிழ்நாட்டு வழக்கில் வழங்கியது. 'கடவுள் துணை' என்பதே அப்பெயரின் பொருள். அவர் 1752-இல் கொல்லப்பட்டார். 2022-இல் உரோமில் புனிதராக அறிவிக்கப்பட்டபோதும் உலகம் அவரைத் தேவசகாயம் என்றே அழைத்தது. தமிழ்நாட்டுப் பெயரோடுதான் அவர் அவ்வரிசையில் ஏறினார்.

பெனதிக்து என்பது ஆசீர்வாதம் ஆயிற்று. தொலோரசு என்பது வியாகுலம் ஆயிற்று. கிறித்தவப் பெருமக்களுக்கு நான் சொல்வது இதுதான்: உங்கள் முன்னோர் ஒலியை விட்டுப் பொருளைக் கொண்டனர். பாதி வழி வந்துவிட்டனர். அந்நாளில் வடசொல்லே உயர்வென்று கருதியமையால் தமிழுக்குள் முழுதும் வந்து சேரவில்லை. மீதிப் பாதியை நாம் நடப்போம். ஆசீர்வாதம் வாழ்த்தாகட்டும், ஆரோக்கியம் நலமாகட்டும், சகாயம் துணையாகட்டும். பற்றும் வழிபாடும் உங்களுடையவை. அவற்றில் எவர்க்கும் தலையீடில்லை. சொல் மட்டும் நம் அனைவர்க்கும் பொதுவாகட்டும்.

பொருள்பெயர்ப்பே நம் இயக்கத்தின் வழி

வீரமாமுனிவர் கண்ட வழியே பின்னாளில் தனித்தமிழின் வழியாயிற்று. சூரியநாராயண சாத்திரியார் தம் பெயரைச் சொல்சொல்லாகப் பிரித்தார். சூரியன் பரிதி, நாராயணன் மால், சாத்திரி கலைஞன். பரிதிமாற் கலைஞர் ஆனார். 33 ஆண்டுகளே வாழ்ந்து 1903-இல் மறைந்தார்; அப்பெயர் மறையவில்லை. நாகையில் 1876-இல் பிறந்த வேதாசலம் அவ்வாறே வேதத்தை மறையாக்கி, அசலத்தை மலையாக்கி மறைமலையடிகள் ஆனார். அவர் மகன் மாணிக்கவாசகம் மணிமொழி ஆனார்.

தொலைவில் ஏன் போக வேண்டும்? இன்று நம் தென்காசி மாவட்டத்தில் உள்ள சங்கரன்கோவிலில் 1902-இல் ஞானமுத்தனாரின் மகனாகப் பிறந்தவர் மொழிஞாயிறு பாவாணர். தேவநேசன் என்று பெயரிடப்பட்டார். தேவநேசக் கவிவாணன் என்றும் வழங்கினார். நேசத்தை நேயமாக்கிக் கவியைப் பாவாக்கித் தேவநேயப் பாவாணர் ஆனார். 1974-இல் செந்தமிழ்ச் சொற்பிறப்பியல் அகரமுதலித் திட்டத்தின் இயக்குநராகி, 1981-இல் மறையும்வரை சொல்லின் வேரைத் தேடுவதே வாழ்வாகக் கொண்டார். சொல்லின் வேர் தேடிய அப்பெருமகன் முதலில் தோண்டியது தம் பெயரின் அடியைத்தான்!

திண்ணன்

இனி நம் வழக்கின் தீர்ப்புக்கு வருவோம். என் மாணவர் விரும்பியது உறுதி என்னும் பொருளை. அவ்விருப்பம் உயர்ந்தது. மகன் அசையாத உள்ளம் உடையவனாக வளர வேண்டும் என்று ஒரு தந்தை விரும்புவதில் என்ன குற்றம்? ஆகவே நான் அவரிடம், "பொருளை விடாதே தம்பி, ஒலியை மட்டும் விடு" என்றேன். "அப்படியானால் தமிழில் அப்பொருளுக்குப் பெயர் இருக்கிறதா ஐயா?" என்றார்.

இருக்கிறது. 'திண்' என்னும் வேரினின்று திண்மை, திண்ணம், திட்பம் எல்லாம் வருகின்றன. வள்ளுவப் பெருந்தகை வினைத்திட்பம் என்றே ஓர் அதிகாரம் வைத்தார். அவ்வேரினின்று வந்த பெயர் திண்ணன்.

சேக்கிழார் பெரியபுராணத்தில் கூறும் செய்தியை நினைவு கொள்ளுங்கள். உடுப்பூரில் வேடர் தலைவன் நாகனுக்கும் தத்தைக்கும் நெடுநாள் பிள்ளையில்லாமல் ஒரு மகன் பிறந்தான். தந்தை குழந்தையைக் கையில் தூக்கினான். திண்ணென்று இருந்தது. திண்ணன் என்றே பெயரிட்டான். எந்த நூலையும் அவன் புரட்டவில்லை; எந்தப் பட்டியலையும் தேடவில்லை. தன் கை உணர்ந்ததைத் தன் வாய் சொல்லிற்று, அது பெயராயிற்று. பெயரிடுவதற்கு இதைவிட நல்ல முறை உலகில் உண்டா?

அப்பிள்ளை வளர்ந்து திருக்காளத்தி மலையில் ஆறு நாள் நின்ற நிலையை நீங்கள் அறிவீர்கள். தன் கண்ணையே பெயர்த்து அப்பினான். மற்றொரு கண்ணையும் பெயர்க்க அம்பெடுத்தான். கான்சுதந்தியா என்று உரோமர் பொறித்த அந்தப் பண்பு, இந்த வேடன் மகனிடம் முழுமையாக நின்றது. பெற்றோர் இட்ட பெயர் திண்ணன்; அவன் ஈட்டிய பெயர் கண்ணப்பன். பெசுகியார்க்கு இத்தாலியில் இட்ட பெயர் கான்சுதந்தியசு. அவர் தமிழால் ஈட்டிய பெயர் வீரமாமுனிவர். இடுபெயரைப் பெற்றோர் தரலாம்; ஈட்டும் பெயரைப் பிள்ளைதான் தேட வேண்டும். முதற்பெயர் நல்ல நிலமாக இருந்தால் விளைச்சலுக்கு ஏதுவாகும்.

திண்ணன் என்றவுடன் வீட்டில் இரண்டு தடைகள் எழுந்தன. மறைக்காமல் சொல்கிறேன். முதல் தடை: "பழைய பெயராயிற்றே, பள்ளியில் நகைப்பார்களே!" கான்சுதன்சு மட்டும் நேற்றுப் பிறந்த பெயரா? அதன் அகவை ஆயிரத்தெழுநூறுக்கும் மேல். பிறமொழியில் பழமை என்றால் செம்மை. தமிழில் பழமை என்றால் பட்டிக்காடு. இந்த அளவுகோலை நம் கையில் கொடுத்தவர் எவர்? அதை முறித்துப் போடுங்கள்.

இரண்டாம் தடை: "நாளை வெளிநாடு சென்றால் அவர்கள் வாயில் நுழைய வேண்டாமா?" நல்ல கேள்வி. என் விடை இது: நாளை எங்கோ ஓர் அலுவலகத்தில் நாள்முழுதும் அழைக்கப்போகும் அயலாருக்காக, இன்று தாலாட்டுப் பாடும் பாட்டியை ஊமையாக்குவதா? திண்ணன் நான்கெழுத்து. வேண்டுமானால் அயலார் ஒரு நாளில் கற்றுக்கொள்வர். பெசுகியார் நம் மொழியையே கற்றாரே!

பிறரைக் குறைகூறிப் பேசும் தகுதி எனக்கு முழுமையாக இல்லை என்பதையும் ஒப்புக்கொள்கிறேன். என் மூத்த மகளுக்கு நானே வடமொழிப் பெயர் வைத்தவன். அப்பொழுது நான் தமிழ் படித்தவன்தான். தமிழ் என்னைப் படிக்கவில்லை. அவள் வளர்ந்து, "அப்பா, வகுப்பில் எல்லார்க்கும் பெயர்க்குப் பொருள் சொன்னீர்களே, என் பெயர்க்கு ஏன் சொல்லவில்லை?" என்று கேட்டாள். அன்று தலைகுனிந்தேன். இந்தத் தம்பி தன் நாற்பதாம் நாளிலேயே தன் தந்தையை அந்தத் தலைகுனிவினின்று காத்துவிட்டான்.

செய்ய வேண்டுவன

பேச்சு போதும்; செயலுக்கு வருவோம். நம் ஊர்ப்பக்கத்துப் பெயர்களையே பாருங்கள். தென்காசிக் கோயிலில் உலகம்மை, குற்றாலத்தில் குழல்வாய்மொழி. இவ்விரு பெயர்க்கும் ஈடான பெயரை எந்த மொழியிலிருந்து கொண்டுவருவீர்கள்? வாயில் மணக்கும் இப்பெயர்களை விட்டுவிட்டுப் பொருளறியா ஒலிக்கு ஏன் கையேந்துகிறோம்?

குழந்தை பிறந்த 21 நாள்களுக்குள் பிறப்பைப் பதிவு செய்க. பெயர் முடிவாகவில்லை என்பதற்காகப் பதிவைத் தள்ளவேண்டா. பெயரின்றிப் பதிந்து, ஓராண்டுக்குள் கட்டணமின்றிப் பெயரைச் சேர்க்கலாம். ஆகவே விரைந்து தவறான பெயரை வைத்தல் வேண்டா. பெயரை முதலில் வீட்டில் மூத்தவர் வாயால் ஒருமுறை அழைக்கச் சொல்லுங்கள். அவர் வாய் ஒப்பினால் பிறகு ஏட்டில் எழுதுங்கள். முன்னெழுத்தையும் தமிழிலேயே எழுதுங்கள். 2021-இல் தமிழ்நாட்டரசும் அதற்கு ஆணை பிறப்பித்துள்ளது. வளர்ந்தவர்களும் தம் பெயரைத் தமிழாக்கி அரசிதழில் அறிவிக்கலாம். அகவை தடையன்று, மறைமலையடிகள் பெயர் மாற்றியபோது அவர் இளைஞரல்லர்.

ஒலியைக் கடன் வாங்காதீர்கள். பொருளை விருந்தாக அழையுங்கள். கடன் வாங்கியவன் தலைகுனிவான். விருந்து அழைத்தவன் தலைநிமிர்வான். இலத்தீனிலிருந்து வரும் நல்ல பொருளுக்கு நம் வீட்டுத் திண்ணையில் இடமுண்டு. அதற்குத் தமிழ் உடை கொடுத்து உள்ளே அழைத்துச் செல்வோம். வீரமாமுனிவரை அவ்வாறுதான் அழைத்துச் சென்றோம்.

இப்பொழுது பாட்டியார் அவர்களை வேண்டுகிறேன். முதலில் அழைக்கும் உரிமை அவர்களுடையது. பிள்ளையின் காதருகே மூன்று முறை அழையுங்கள் அம்மா.

(பாட்டியார் "திண்ணா! திண்ணா! திண்ணா!" என்று மூன்று முறை அழைத்தார். ஒருமுறையும் நாப் பிறழவில்லை. கூட்டத்தார் எழுந்து கையொலி எழுப்பினர்.)

கேட்டீர்களா? வழக்கு முடிந்தது. திண்ணன் நூறாண்டு வாழ்க! அவன் பெயர் சொல்ல அவன் பெயரர்கள் வருக! தமிழ் வெல்க!